முதல் படியில் நின்றவன்

என் கல்யாணத்தை நிறுத்தியவனைப் பற்றி எழுதப்போகிறேன். நல்லவிதமாக எழுதுவேன் என்று யாரும் எதிர்பார்க்க வேண்டாம். அவன் செத்து ஆறு வருஷமாகிறது. செத்தால் என்ன, செய்தது செய்ததுதான்.

பெயர் வேடியப்பன். திருத்தணி ரயிலடியிலிருந்து மலையடிவாரம் வரைக்கும் ஜட்கா வண்டி ஓட்டியவன். ஊரில் பாதிப் பேருக்கு அவன் பெயரே தெரியாது. வெள்ளைக்காரக் கலப்பு என்று சட்டைக்காரன் என்பார்கள், பூனைக்கண்ணன் என்பார்கள், தொர என்று கூப்பிட்டுவிட்டுச் சிரிப்பார்கள். அவன் தலைமயிர் சோளக்கதிரின் குஞ்சம் மாதிரி இருக்கும். வெயில் பட்டால் மூஞ்சி செக்கச்செவேல் என்று சிவந்து, மூக்கின்மேல் புள்ளி புள்ளியாக விழும். மற்றபடி பேச்சு, நடை, வெற்றிலையைக் குதப்பிக்கொண்டு தெருவோரம் துப்புகிற லட்சணம், எல்லாம் நம்ம பக்கத்து ஆள்தான்.

அவன் என் அத்தை மகன். இந்த ஒரு வரியைச் சொல்ல என் நைனாவுக்கு இருபத்தைந்து வருஷம் ஆனது. அதனால் வந்த வினைதான் இவ்வளவும்.

என் நைனா எல்லப்பன், திருத்தணிக்கு மேற்கே இரண்டு மைல் தள்ளி எங்கள் ஊரில் நாலு காணி நஞ்சை வைத்துப் பயிர் செய்தவர். நான் பிறப்பதற்கு எட்டு வருஷத்துக்கு முன்னால், 1920இல், அரக்கோணம் சாலை மாந்தோப்பில் ஒரு வெள்ளைக்காரப் பட்டாளம் வந்து நாலு மாதம் கூடாரம் போட்டது. அவர்களுடைய குதிரைகளுக்குப் புல்லும் அடுப்புக்கு விறகும் போடுகிற குத்தகைக்கு ஊரில் அடிதடி. அது நைனாவுக்குக் கிடைத்தது. எப்படிக் கிடைத்தது என்று எல்லாருக்கும் தெரியும், யாரும் வாயைத் திறக்கமாட்டார்கள். நான் திறக்கிறேன். நைனாவுக்கு ஒரு தங்கை. பெயர் கன்னியம்மாள். கட்டிக்கொடுத்த வருஷமே புருஷனைக் காலராவுக்குக் கொடுத்துவிட்டு, இருபது வயசில் அண்ணன் வீட்டுக்குத் திரும்பி வந்தவள். "கூடாரத்துல பாத்திரம் தேய்க்க ஆளு வேணுமாம், போ" என்று அவளை அனுப்பியவர் நைனா. காலையில் கொண்டுபோய் விட்டவரும் அவர்தான், அந்தி சாய்ந்தால் கூட்டிவந்தவரும் அவர்தான். கடைசி மாதத்தில் கூட்டிவரக்கூட இல்லை.

பட்டாளம் கூடாரத்தைப் பிரித்துக்கொண்டு போனது. அத்தைக்கு வயிறு தெரிந்தது. நைனா அவளை வெளியே தள்ளிக் கதவைச் சாத்திவிட்டு, "பட்டாளத்தோட ஓடிட்டா" என்று ஊரெல்லாம் சொன்னார்.

அவள் எங்கேயும் ஓடவில்லை. ரயிலடிக்குப் பின்னால், தண்டவாளத்தைத் தாண்டி ஒரு குடிசை போட்டாள். ஜட்காக் குதிரைகளுக்குப் புல் அறுத்து விற்றாள். அண்ணன் ரயிலேற வந்தாலும் சந்தைக்கு வந்தாலும் மலைக்கு வந்தாலும் கண்ணில் படுகிற இடத்திலேயே உட்கார்ந்திருந்தாள். பிள்ளை பிறந்ததும் அரக்கோணத்திலிருந்து ஒரு பாதிரியார் வந்து, பையனைக் கொடு, எங்கள் பள்ளிக்கூடத்தில் சேர்த்துப் படிக்கவைத்து ரயில்வேயில் வேலை வாங்கித் தருகிறேன், நல்ல கிறிஸ்தவப் பேராக வைக்கலாம் என்றாராம். அத்தை, "பேரு வெச்சாச்சுங்க" என்று சொல்லி அனுப்பிவிட்டாள். வேடியப்பன் என்பது அவளுடைய அப்பா பெயர், அதாவது நைனாவின் அப்பா பெயர். பேரனுக்குத் தாத்தா பெயர் வைப்பதுதானே வழக்கம். நைனாவுக்கு ஆண்பிள்ளையே பிறக்கவில்லை. அதனால் தன் தகப்பன் பெயரை ரயிலடியில் எவன் எவனோ "டேய் வேடியப்பா, வண்டிய கட்டுடா" என்று கூப்பிடுவதைக் கேட்டுக்கொண்டே அவர் காலம் தள்ள வேண்டியிருந்தது. அத்தை சாதாரணப் பொம்பளை இல்லை.

இதெல்லாம் எனக்குப் பின்னால் தெரிந்தது. எனக்கு அவனைத் தெரிந்தது 1940 சித்திரையில், என் பன்னிரண்டாவது வயசில்.

பட்டணத்தில் ஒரு கல்யாணத்துக்குப் போய்விட்டு நானும் நைனாவும் உச்சிவேளை ரயிலில் வந்து இறங்கினோம். வெளியே ஒரே ஒரு ஜட்காதான் நின்றது. தலைப்பாகை கட்டிய ஒருத்தன் வண்டியிலிருந்து குதித்து, ரயிலடி முழுக்கக் கேட்கிற மாதிரி, "வாங்க மாமா, ஏறுங்க. வூட்டாண்டயே உட்டுர்றேன்" என்றான்.

நைனா காது கேட்காதவர் மாதிரி மூட்டையைத் தோளில் போட்டுக்கொண்டு நடந்தார். எனக்குக் காலில் செருப்பு கிடையாது. ரோடு அடுப்பாகக் கொதித்தது.

"நைனா, அந்த ஆளு உன்ன மாமான்றானே, யாரு?" என்றேன்.

"எவனோ சட்டைக்காரன். பேசாம நட."

அந்த ஆள் சவாரி கிடைக்காமல் திரும்பிப் போனானா என்றால் இல்லை. காலி வண்டியை எங்கள் பின்னாலேயே நடை வேகத்தில் ஓட்டிக்கொண்டு வந்தான். வெற்றிலைக் கடை வந்தால், "மாமா, கோவம் வாணாம், ஏறுங்க." சத்திரம் வந்தால், "மாமா, கொயந்த காலு சுடுது பாருங்க." கடைக்காரர்கள் எழுந்து நின்று பார்த்துச் சிரித்தார்கள். இரண்டு மைலும் இப்படியே. நைனா ஒரு தடவைகூடத் திரும்பவில்லை. வீட்டுக்கு வந்தபோது என் உள்ளங்கால் இரண்டும் கொப்புளித்திருந்தது. அம்மா நெய்யைத் தடவிக்கொண்டே அழுதாள். எனக்கு இரண்டு ஆம்பளைகள் மேலும் ஆத்திரம். ஒருத்தர் வீம்புக்கு என்னை நடக்கவைத்தார். இன்னொருத்தன் வீம்புக்கு என் கால் வெந்ததை வேடிக்கை பார்த்தான். மனுஷனாக இருந்தால் என்னையாவது தூக்கி வண்டியில் போட்டிருக்க வேண்டாமா?

அன்றைக்கு மட்டும் இல்லை, ஒவ்வொரு தடவையும் இதே கூத்துதான். நைனா ரயிலை விட்டு இறங்கினால் போதும், "மாமா" என்று ஆரம்பித்துவிடுவான். மரியாதைக்குக் குறைவே இருக்காது. போங்க, வாங்க, ஏறுங்க. அந்த மரியாதையைக் கேட்டாலே நைனாவுக்கு நெற்றி நரம்பு புடைக்கும். கடைசியில் நைனா முந்தின ஸ்டேஷனில் இறங்கி நடந்துவர ஆரம்பித்தார்.

அவனை எந்தப் பக்கத்து ஜனமும் சேர்த்துக்கொள்ளவில்லை என்பதையும் சொல்லிவிடுகிறேன், இல்லாவிட்டால் நான் ஓரவஞ்சனையாக எழுதுகிறேன் என்பீர்கள். நாற்பத்திரண்டில் ஒரு ஊர்வலம் போனது. ஊர்வலத்துப் பையன்கள் இவனைப் பார்த்துவிட்டு, "வெள்ளக்காரன்டா" என்று வண்டியிலிருந்து இழுத்துப்போட்டுச் சட்டையைக் கிழித்தார்கள். "டேய், நான் கன்னியம்மா புள்ளடா" என்று கத்தினானாம். அதற்குள் போலீஸ் வந்தது. ஒரு கான்ஸ்டபிள் இவன் மூஞ்சியைப் பார்த்து முதலில் சல்யூட் அடிக்கப் போனான். இவன் வாயைத் திறந்து பேசியதும், "தொர மாதிரி வேசமாடா கட்டிகினு திரியற" என்று மற்றவர்களைவிட நாலு அடி அதிகமாகவே போட்டான். இரண்டு கூட்டத்திடமும் ஒரே மத்தியானத்தில் உதை வாங்கினவன் இந்தத் தாலுகாவிலேயே இவன் ஒருத்தன்தான்.

யுத்த காலத்தில் பட்டாள ரயில் ஒன்று திருத்தணியில் நின்றது. ஜன்னலோரம் இருந்த வெள்ளைக்காரச் சிப்பாய் ஒருத்தன் இவன் தலைப்பாகையைத் தட்டிவிட்டுத் தலைமயிரைத் தொட்டுப் பார்த்துவிட்டு மற்றவர்களைக் கூப்பிட்டுக் காட்டினான். எல்லாரும் சிரித்தார்கள். ஒருத்தன் பிஸ்கட் டின் ஒன்றை இவன் காலடியில் எறிந்தான். இவன் அதை எடுத்துத் திருப்பி வீசினான், சிப்பாயின் நெற்றி கிழிந்தது. இரண்டு நாள் லாக்கப்பில் வைத்தார்கள். வெளியே வந்தபோது அத்தை கேட்டாளாம், "எதுக்குடா அட்ச்ச?" இவன், "எங்கப்பன் சாயலா இருந்தான்" என்றானாம். அப்பனை அவன் எங்கே பார்த்தான்? எவனைக் கண்டாலும் அவனுக்கு அப்பன் சாயல்தான்.

அத்தை 1945 புரட்டாசியில் செத்துப்போனாள். பாம்பு கடித்தது, புல்லுக்குப் போன இடத்தில்.

எங்கள் பக்கத்தில் ஒரு பெண் செத்தால் அவள் பிறந்த வீட்டிலிருந்து புதுச்சேலை வர வேண்டும். கோடி என்போம். அண்ணனோ தம்பியோ கொண்டுவந்து போர்த்தாமல் பிணத்தை எடுக்கமாட்டார்கள். பிறந்த வீட்டுக் கோடி இல்லாமல் போகிறவள் அநாதை என்று அர்த்தம். வேடியப்பன் இரண்டு தடவை ஆள் அனுப்பினான். நைனா பதிலே சொல்லவில்லை. மூன்றாவது தடவை அவனே வந்து எங்கள் தெருவில் நின்றான். நான் அவனை அவ்வளவு கிட்டத்தில் அன்றைக்குத்தான் பார்த்தேன். கண் வீங்கியிருந்தது. தலையில் தலைப்பாகை இல்லை.

"மாமா, பொணம் காத்துகினு கீது. ஒரு கோடி குடுங்க போதும். நீங்க வரக்கூட வாணாம்" என்றான். முதல் தடவையாக அவன் குரலில் கேலி இல்லை.

நைனா உள்ளே இருந்தபடியே சொன்னார். "எனக்குத் தங்கச்சி இல்ல. ஒருத்தி இருந்தா, பட்டாளத்தோட ஓடிட்டா."

நான் ஜன்னல் பக்கம் நின்றிருந்தேன். என் பெட்டியில் தீபாவளிக்கு எடுத்த புதுச்சேலை மடிப்புக் கலையாமல் இருந்தது. அதை எடுத்து ஜன்னல் வழியாக நீட்டியிருந்தால் முடிந்தது. நைனா என் தோலை உரித்திருப்பார், உரிக்கட்டுமே. ஆனால் நான் எடுக்கவில்லை. அவன் என்னைப் பார்த்தான், நான் அவனைப் பார்த்தேன், ஜன்னலைச் சாத்தினேன். இதை எழுதும்போதும் எனக்கு வெட்கமாக இருக்கிறது. அத்தையின் உடம்பு ஒரு பகல் ஒரு ராத்திரி தரையில் கிடந்தது. மறுநாள் அவனே கடையில் ஒரு சேலை வாங்கிப் போர்த்தி எடுத்துப்போனான். பிள்ளை வாங்கிப் போர்த்தினால் அது கோடி ஆகாது.

அதற்குப் பிறகு அவன் நைனாவை மாமா என்று கூப்பிடுவதை நிறுத்திவிட்டான். ரயிலடியில் பார்த்தாலும் மூஞ்சியைத் திருப்பிக்கொள்வான். நைனா, தொல்லை விட்டது என்று மறுபடி திருத்தணியிலேயே இறங்க ஆரம்பித்தார். அப்போதுதான் அவர் பயந்திருக்க வேண்டும். அந்தப் புத்தி அவருக்கு இல்லை.

அடுத்த வைகாசியில் எனக்குக் கல்யாணம் நிச்சயமானது. எனக்குப் பதினெட்டு முடிந்திருந்தது, எங்கள் ஊர்க் கணக்குக்கு அது முற்றிய வயசு. மாப்பிள்ளை ஆர்.கே.பேட்டை கங்காதரன். அவன் அப்பா வரதராஜன் எட்டுத் தறி வைத்திருந்தவர், பழக்கவழக்கம் பார்க்கிறவர். கங்காதரன் என்னை ஒருதரம் பார்த்துச் சிரித்தான். பல் வரிசையாக இருந்தது. எனக்குப் பிடித்திருந்தது, அதில் ஒளிப்பதற்கு என்ன இருக்கிறது.

இங்கே ஒரு வழக்கத்தைச் சொல்லியாக வேண்டும். எங்கள் ஜனங்களில் அத்தை மகன் இருக்கும்போது பெண்ணை அசலில், வேறு குடும்பத்தில், கொடுத்துவிட முடியாது. அவன் முன்னால் ஒரு தட்டில் வெற்றிலை பாக்கும் வேட்டி துண்டும் வைத்து, "முறை விட்டுக்கொடுப்பா" என்று பெண்ணின் தகப்பன் கேட்க வேண்டும். அவன் தட்டை வாங்கிக்கொண்டால் முறையை விட்டுவிட்டான். வாங்காதவரைக்கும் வேறு எவன் தாலி கட்டினாலும் அந்தத் தாலி தங்காது என்று பயம். அதனால் நிச்சயத்தன்றைக்கே வரதராஜன் கேட்டார். "அத்த மவன் மொற யாராச்சும் இருந்தா சொல்லிடுங்க சம்மந்தி. மொதல்லயே திருப்தி பண்ணிடலாம்."

நைனா வெற்றிலைத் தட்டுக்கு முன்னால் உட்கார்ந்துகொண்டு, "எனக்குக் கூடப் பொறந்தது யாருமே இல்லீங்க" என்றார்.

எங்கள் ஊர் மணியக்காரர் வீராசாமி பக்கத்தில்தான் இருந்தார். வாயைத் திறக்கவில்லை. ஊரில் ஒருத்தரும் திறக்கவில்லை. நானும் திறக்கவில்லை.

மலைமேல் கோயில் மண்டபத்தில் கல்யாணம். காலையில் இரண்டு வீட்டு ஜனமும் அடிவாரத்துக் குளத்தங்கரையில் கூடி, மேளம் முன்னால் போக, படி ஏறப் புறப்பட்டோம். புறப்பட்ட மேளம் நாலு அடியில் நின்றுவிட்டது. நான் கூறைச்சேலையும் மாலையுமாகத் தலையைக் குனிந்துகொண்டு வந்ததால் முன்னால் நிற்கிறவரின் முதுகில் முட்டிக்கொண்டேன். நிமிர்ந்து பார்த்தேன். முதல் படியின் நடுவில் வேடியப்பன் நின்றிருந்தான். எந்நேரமும் தலைப்பாகைக்குள் ஒளித்துவைக்கிற அந்தச் செம்பட்டை மயிரை அன்றைக்கு எண்ணெய் போட்டு வழித்து வாரியிருந்தான். யாராக இருந்தாலும் நன்றாகப் பார்த்துக்கொள்ளட்டும் என்று வந்தவன் மாதிரி இருந்தான்.

"நான் பொண்ணுக்கு அத்த மவன். எனக்கு வெத்தில வெக்காம பொண்ணு படி ஏறக்கூடாது" என்றான்.

நைனா பாய்ந்து போய் அவன் மார்பில் கைவைத்துத் தள்ளினார். "எவன்டா நீ. போடா அப்பால."

அவன் அசையவில்லை. "எவன்னு நீங்களே சொல்லுங்க மாமா. அதுக்குத்தான் நிக்கறேன். கன்னியம்மா என் தங்கச்சி, இவன் அவ வயித்துப் புள்ளன்னு இத்தினி பேரு கேக்கச் சொல்லுங்க. சொல்லிட்டு வெத்திலய வெய்ங்க. எனக்கு வேற எதுவும் வாணாம்."

வரதராஜன் மெதுவாக முன்னால் வந்தார். "இன்னா சம்மந்தி இது? கூடப் பொறந்தது யாரும் இல்லன்னீங்களே."

"பொய் சொல்றான் சம்மந்தி. மூஞ்சியப் பாருங்க, நம்ம ஜனம் மாதிரியா கீது? எவனோ பட்டாளத்துக்காரனுக்குப் பொறந்தவன்."

"பட்டாளத்துக்காரனுக்குத்தான் பொறந்திருக்கான், எனக்கும் கண்ணு தெரியுது. யாரு வயித்துல பொறந்தான்? அத சொல்லுங்க" என்றார் வரதராஜன்.

வரதராஜன் வீராசாமியைப் பார்த்தார். வீராசாமி தன் கால் கட்டைவிரலைப் பார்த்தார். எங்கள் ஊர் ஜனம் மொத்தமும் குனிந்து அவரவர் காலைப் பார்த்துக்கொண்டிருந்தது. எனக்கு உடம்பெல்லாம் பற்றிக்கொண்டு எரிந்தது. மணப்பெண் பேசக்கூடாது என்பார்கள். நான் பேசினேன்.

"இன்னா மனுசன் நீ. எங்க நைனா செஞ்சதுக்கு என்ன ஏன் நடுத்தெருவுல நிக்க வெக்கற?"

அவன் என்னைப் பார்த்தான். "எங்கம்மா ஒரு பகலு ஒரு ராத்திரி தரையில கெடந்தா. நீ ஜன்னலண்ட நின்னுகினு இருந்த. ஒரு நாழி நில்லு. கெட்டுப் போயிட மாட்ட."

நான் மறுபடி தலையைக் குனிந்துகொண்டேன்.

மேலே இருந்து ஆள் வந்து, குருக்கள் காத்திருக்கிறார், முகூர்த்தம் தாண்டிவிடும் என்றான். வரதராஜன் ஒரு முடிவுக்கு வந்தார். "சம்மந்தி, அவன் எப்பிடிப் பொறந்தா இன்னா, மொற மொறதான். அந்தப் பொண்ணு உங்க தங்கச்சின்னா ஆங்னு ஒரு வார்த்த சொல்லி வெத்திலய வெய்ங்க, மேல போவோம். இல்லன்னா நாங்க கெளம்பறோம்."

நைனா மூஞ்சியில் வியர்வை ஓடியது. அவர் என்னைப் பார்த்தார், மாப்பிள்ளையைப் பார்த்தார், படியைப் பார்த்தார். செத்துப்போனவளுக்காகச் சொல்லாத வார்த்தையை முகூர்த்தத்துக்காகச் சொல்ல வேண்டியதாயிற்று. குரலை உயர்த்தி, "கன்னியம்மா என் தங்கச்சி. இவன் அவ மவன்" என்றார். கூட்டத்தில் ஒரு பொம்பளை முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டாள். இருபத்தைந்து வருஷம் அத்தையிடம் புல் வாங்கினவளாக இருக்கும்.

அவசர அவசரமாகத் தட்டு வந்தது. வெற்றிலை, பாக்கு, வேட்டி, துண்டு. நைனா தட்டை நீட்டி, அவன் கண்ணைப் பார்க்காமல், "மொற விட்டுக்குடுப்பா" என்றார்.

வேடியப்பன் தட்டைப் பார்த்தான். கையைப் பின்னால் கட்டிக்கொண்டான்.

"விட முடியாதுங்க மாமா" என்றான்.

நைனா செய்த தப்பு இதுதான். அவர் வாயைத் திறக்காமலே இருந்திருந்தால் அவன் வழியை மறித்த ஒரு ஜட்காக்காரன், நாலு பேர் சேர்ந்து தூக்கி ஓரமாகப் போட்டுவிட்டு ஏறிப் போயிருக்கலாம். ஊரறிய, மாப்பிள்ளை வீடறிய, தங்கை மகன் என்று சொன்ன மறு நிமிஷமே முறை அவன் கைக்குப் போய்விட்டது. வேறு யாரும் கொடுக்கவில்லை, நைனாவே எடுத்துக் கொடுத்தார். அவன் இதற்காகத்தான் எட்டு மாதம் வாயை மூடிக்கொண்டு இருந்திருக்கிறான். பாவிப்பயல், ஜட்கா ஓட்டுகிறவனுக்கு அவ்வளவு மூளை.

வரதராஜன் சத்தம் போடவில்லை. "பொய் சொல்லி நிச்சயம் பண்ணீங்க. விடாத மொறையத் தாண்டி என் புள்ள தாலி கட்ட மாட்டான்" என்று சொல்லிவிட்டு, தாலியும் மேளமும் ஜனமுமாகப் புறப்பட்டுவிட்டார். கங்காதரன் கழுத்து மாலையைக் கழற்றி அம்மா கையில் கொடுத்தான். ஒருதரம் என்னைத் திரும்பிப் பார்த்துவிட்டு அப்பன் பின்னால் போனான். வெறும் பல்வரிசையை வைத்துக்கொண்டு என்ன செய்வது.

வேடியப்பன் தலைப்பாகையைக் கட்டிக்கொண்டு தன் வண்டிப் பக்கம் நடந்தான். அவன் வேலை முடிந்துவிட்டது. நைனா குளத்தங்கரையில் உட்கார்ந்துவிட்டார். எங்கள் ஊர்ப் பொம்பளைகள் என்னைப் பார்த்த பார்வையை நான் சாகிற வரைக்கும் மறக்கமாட்டேன். படி வரைக்கும் வந்து திரும்பின பெண்ணை எங்கள் பக்கத்தில் யாரும் எடுக்கமாட்டார்கள். அண்ணன் தங்கை சண்டையில் என் வாழ்க்கை போனது, அவ்வளவுதான், எல்லாரும் வீட்டுக்குப் போய்ச் சோறு தின்பார்கள். அந்த இரண்டு ஆம்பளைகளையும் சும்மா விடக்கூடாது என்று நினைத்தேன். நினைத்ததும் கால் நடந்தது. கூறைச்சேலையைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு போய் அந்த ஜட்காவில் ஏறி உட்கார்ந்துவிட்டேன்.

அவன் திடுக்கிட்டுப் போனான். "எறங்கு. நான் உன்னக் கட்டிக்கறதுக்கு வரல."

"தெரியும். என்னக் கெடுக்கறதுக்கு வந்த. மொற விடமாட்டேன்னு சொன்ன இல்ல, ஊரே கேட்டுது. விடாதவன் கட்டிக்கணும்."

"ரயிலடியில குடிசை. கூழு. நாளைக்குப் பொறக்கற புள்ளயும் இந்த மூஞ்சியோட பொறக்கும். அதையும் கல்லால அடிப்பாங்க. தெரியுமா உனக்கு?"

"அடிக்கட்டும். அடிச்சவனுக்கு நான் பதில் சொல்லிக்கறேன். நீ வண்டிய ஓட்டு பாவா."

அத்தை மகனை எங்கள் பக்கத்தில் பாவா என்போம், ஆனால் பாசமாகச் சொன்னேன் என்று நினைக்காதீர்கள். ஊசியால் குத்துகிற மாதிரிதான் சொன்னேன். அவனை அந்த முறை வைத்து யாரும் கூப்பிட்டதே இல்லை. கழுத்திலிருந்து காது நுனி வரைக்கும் சிவந்துபோய் நின்றான்.

நைனா எழுந்து ஓடிவந்தார். "எறங்குடி. வெட்டிப் போட்டுடுவேன்."

"எதுக்கு நைனா எறங்கணும்? இப்பதான சொன்ன, தங்கச்சி மவன்னு. அத்த மவன் வண்டியில ஏறினா தப்பா?"

அப்போதுதான் வீராசாமிக்கு வாய் திறந்தது, இருபத்தைந்து வருஷம் கழித்து. "எல்லப்பா, உன் வாயாலயே மொறைய ஒத்துக்கினே. பொண்ண இப்பிடியே வண்டியில அனுப்பினா ஊர்ல தல காட்ட முடியாது. மேல கூட்டினு போய்க் கட்டி வெச்சுடு." வேடியப்பனைப் பார்த்து, "நீயும்தான். மொறன்னு நின்ன. ஓடாத" என்றார். அவன் என்னைப் பார்த்தான். பிறகு குதிரையைக் கம்பத்தில் கட்டினான். அவன் பேசின பேச்சு அவன் காலையும் கட்டிவிட்டது. எனக்கு அந்த நேரத்தில் இருந்த சந்தோஷத்தைச் சொல்லி மாளாது.

மேளம் இல்லாமல் படி ஏறினோம். படியோரக் கடையில் மஞ்சள் கயிறும் மஞ்சள் கொம்பும் வாங்கினார்கள். குருக்களுக்கு நடந்தது எதுவும் முழுதாகப் புரியவில்லை. உச்சிக்கால பூஜைக்கு முன்னால் முடித்துவிடலாம் என்று எங்களை உட்காரவைத்தார். தாரை வார்க்கும்போது பெண்ணின் தகப்பன் மூன்று தரம் சொல்ல வேண்டும், இன்னாருடைய மகனுக்கு என் மகளைக் கொடுக்கிறேன் என்று. குருக்கள் கேட்டார்.

"மாப்பிள்ளையோட தகப்பனார் பேர்?"

வேடியப்பன் தலையைக் குனிந்துகொண்டான். அத்தை அவனிடம் சொன்னதே இல்லை. நைனாவின் மூஞ்சியில் காலையிலிருந்து முதல் தடவையாகச் சிரிப்பு வந்தது. தோற்றுப்போனவருக்குக் கையில் ஒரு கல் கிடைத்துவிட்டது.

"அத யாரக் கேக்கறீங்க சாமி. ஒரு கூடாரத்துக்கு எட்டுப் பேரு, பன்னெண்டு கூடாரம். எந்தப் பேரச் சொல்றது? அவளுக்கே தெரிஞ்சிருக்காது."

வேடியப்பன் மணையை விட்டு எழுந்தான். எழுந்த வேகத்தில் நைனாவின் கழுத்தைப் பிடித்திருப்பான். நான் அவன் வேட்டி முனையைப் பிடித்து இழுத்து உட்காரவைத்தேன். அவன்மேல் எனக்கிருந்த கோபத்தில் பாதி அந்த நிமிஷம் நைனா மேல் போய்ச் சேர்ந்தது. அந்தப் பன்னிரண்டு கூடாரத்துக்கும் அத்தையைக் கூட்டிப்போய் விட்டவர் எண்ணிச் சொல்கிறார், வெட்கமில்லாமல்.

"சாமி, தாய் பேரச் சொல்லலாமா?" என்று கேட்டேன்.

குருக்கள் என்னைப் பார்த்தார், சந்நிதியைத் திரும்பிப் பார்த்தார். "கார்த்திகைப் பெண்கள் வளர்த்ததாலே இந்த மலையில நிக்கறவருக்கே கார்த்திகேயன்னு பேர். அவருக்கு ஆகும்னா இவருக்கும் ஆகும். தாயார் பேர் என்ன?"

"கன்னியம்மாள்" என்றேன்.

என் கையை வேடியப்பன் கையில் வைத்து, மேலே செம்பிலிருந்து தண்ணீர் வார்த்துக்கொண்டு, குருக்கள் சொல்லச் சொல்ல நைனா சொன்னார். "கன்னியம்மாள் மகன் வேடியப்பனுக்கு, என் மகள் சுலோச்சனாவைத் தாரை வார்த்துத் தருகிறேன்." முதல் தரம் முணுமுணுப்பாக வந்தது. இரண்டாம் தரம் தங்கை பெயரில் நாக்குத் தடுக்கியது. மூன்றாம் தரம் தண்ணீரோடு அவர் கண்ணீரும் எங்கள் கைமேல் விழுந்தது. அழுதால் அழட்டும். குருக்கள் மஞ்சள் கயிற்றை எடுத்தார்.

"கொஞ்சம் இருங்க சாமி. மேளச் சத்தத்துல எங்க அத்த பேரு சரியா காதுல விழல. இன்னொரு தாட்டி சொல்லச் சொல்லுங்க" என்றேன்.

மண்டபத்தில் மேளமே இல்லை. நைனா என்னை நிமிர்ந்து பார்த்தார். நான் கண்ணை எடுக்கவில்லை. அவர் செம்பைச் சரித்து நாலாவது தரமும் சொன்னார்.